கிச்சிலி என்று யார் சொன்னது

மார்ச் 2

தங்கைக்கு,

நேற்று போன் கட்டாகவில்லை, நான்தான் வைத்தேன். லைன் சரியில்லை என்று நினைத்து நீ திரும்பத் திரும்ப அடித்துக்கொண்டிருந்தாய். அது அடிப்பதைப் பார்த்துக்கொண்டேதான் உட்கார்ந்திருந்தேன். இனி அடித்தாலும் எடுக்கப் போவதில்லை. எனக்குப் பதில் எழுத்தில் வேண்டும். போனில் நீ முதலில் சிரிப்பாய், சிரிப்பு எடுபடவில்லை என்றால் அழுவாய், அதுவும் எடுபடவில்லை என்றால் குழந்தை எழுந்துவிட்டது என்று வைத்துவிடுவாய். காகிதத்தில் அதெல்லாம் நடக்காது. எழுதியதைத் திருப்பித் திருப்பிப் பார்க்கலாம். பழக்கிடங்கில் இத்தனை வருஷமாகத் தரம் பிரிக்கிறேன், அடிப்பக்கம் பார்க்காமல் ஒரு பழத்தையும் பெட்டியில் போட்டதில்லை.

குழந்தையைக் கிச்சிலி என்றுதான் கூப்பிடுகிறோம், நகராட்சியிலும் அதையே எழுதிவிடலாம் என்று இருக்கிறோம் என்றாய். துணிக்கடையில் சட்டை எடுத்த மாதிரி சாதாரணமாகச் சொன்னாய். யார் வைத்த பேர் என்று கேட்டேன். குழந்தைக்கு உச்சுக் கொட்டினாய். பிறகு, "அவர்தான் எங்கேயோ கேட்டுட்டு வந்தார்" என்றாய். உன் வீட்டுக்காரர் லிஃப்ட் பழுது பார்க்கிறவர். லிஃப்டுக்குள் நின்றுகொண்டு யார் கிச்சிலி பற்றிப் பேசுகிறார்கள்?

நீ பேச ஆரம்பித்ததிலிருந்து ஆரஞ்சு என்றுதான் சொல்லிக் கேட்டிருக்கிறேன். கடையில் போய்க் கிச்சிலி கேட்டால் கடைக்காரர் முழிப்பார். எங்கள் கிடங்கில் பெட்டி அடிக்கிற மூத்த ஆட்கள் சிலர், அந்தச் சின்ன ரக ஆரஞ்சைக் கிச்சிலி என்பார்கள். அவர்கள் வாயிலிருந்து என் வாய்க்கு வந்த வார்த்தை அது. என் வாயிலிருந்து எங்கே போனது என்று எனக்குத் தெரியும். உன் ஊருக்கு எப்படி வந்தது என்பதுதான் தெரியவில்லை.

அந்தப் பேர் வேண்டாம். ஏன் என்று கேட்காதே. காரணம் உனக்குத் தெரியாது என்றால் தெரியாமலே இருக்கட்டும். தெரியும் என்றால் யார் சொன்னது என்று எழுது. மாதக் கடைசிக்குள் நகராட்சியில் பேர் கொடுக்க வேண்டும் என்றாய். அந்தப் பேரைக் கொடுத்தால் உன் வீட்டு வாசலை நான் மிதிக்க மாட்டேன்.

குழந்தையைப் பார்க்க இன்னும் வரவில்லை என்று குறைப்பட்டுக்கொண்டாய். கிடங்கில் ஆப்பிள் தரம் பிரிக்கிற பெல்ட்டில் ஆள் குறைவு, லீவு கேட்டால் மேஸ்திரி முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். துணி அனுப்பினேனே, அளவு சரியாக இருந்ததா?

உன் அக்கா


மார்ச் 7

அக்கா,

இங்கே எல்லாரும் நலம். நீ கேட்கவில்லை, நானாகவே சொல்லிக்கொள்கிறேன்.

உன் கடிதம் வந்தபோது ஒரு கையில் பால் பாட்டில், இன்னொரு கையில் என் வீட்டுக்காரரின் சட்டைப் பித்தான். வாயால் கவரைக் கிழித்தேன். படித்து முடித்ததும் எனக்குச் சிரிப்புதான் வந்தது. ஒரு பச்சைக்குழந்தையின் செல்லப்பேருக்கு இத்தனை விசாரணையா? நீ தரம் பிரிக்கிற வேலைக்குப் போகாமல் போலீசுக்குப் போயிருக்கலாம்.

சரி, எழுத்தில்தானே வேண்டும். எழுதுகிறேன். எங்கள் பார்லருக்கு முகத்துக்குப் பூசிக்கொள்ள ஒரு அம்மா வருவார். ஆரஞ்சுத் தோல் பொடியைக் குழைத்துக்கொண்டு வந்தால், "கிச்சிலித் தோல் வாசனை என்னமா இருக்கு" என்பார். அங்கேதான் கேட்டேன். போனில் இவர் தலையில் போட்டது, நீ கேட்ட குரலில் பயந்து வாயில் வந்ததைச் சொன்னது. உன் குரலுக்கு நான் பயப்படுவது புதுசா?

குழந்தை பிறந்தபோது மஞ்சள் கூடியிருந்தது என்று விளக்குக்கு அடியில் போட்டு வைத்திருந்தார்கள். கண்ணைக் கட்டி, உடம்பில் ஒரு துணியில்லாமல், உருண்டையாக, உரித்த ஆரஞ்சு மாதிரி கிடந்தாள். பார்க்கிறவர்கள் எல்லாரும் ஏதாவது ஒரு பழத்தின் பேர்தான் சொன்னார்கள். பக்கத்துக் கட்டில்காரி பப்பாளி என்றாள். இவர் பேரிக்காய் என்றார். தலை மேலே சின்னது, கீழே பெரிசு, அவர் சொன்னதிலும் தப்பில்லை. ஒரு பெண்ணுக்குப் பேரிக்காய் என்று பேர் வைத்துவிட்டுப் பிறகு அவள் முகத்தில் எப்படி முழிப்பது? அப்போதுதான் அந்த வார்த்தை ஞாபகம் வந்தது. ஒட்டிக்கொண்டுவிட்டது.

ஒழுங்கான பேர் வைக்கலாமென்றும் பார்த்தோம். இவர் ஒவ்வொரு பேராகச் சொல்லச் சொல்ல, எனக்கு அந்தப் பேரில் பார்லருக்கு வந்த ஒருத்தி ஞாபகம் வருகிறாள். ஒருத்தி முடியை வெட்டச் சொல்லிவிட்டு வெட்டியதும் அழுதவள். ஒருத்தி காசு கொடுக்காமல் கண்ணாடி பார்த்துக்கொண்டே நழுவியவள். கிச்சிலி என்ற பேரில் யாரும் என்னிடம் தலையைக் கொடுத்ததில்லை.

வெயில் முகத்தில் பட்டால் தும்முகிறாள் அக்கா. ஒன்று தும்மிவிட்டு, யார் தும்மியது என்று முழித்துப் பார்த்துவிட்டு, இன்னொன்று தும்முவாள். வந்து பாரேன். ஒரு நாள் லீவுக்கு மேஸ்திரி உன்னைத் தூக்கியா போட்டுவிடுவார்?

துணி பெரிசாக இருக்கிறது. வளர்ந்ததும் போடுவேன்.

தங்கை


மார்ச் 12

தங்கைக்கு,

உன் கதையைத் திருப்பிப் பார்த்தேன். அடிப்பக்கம் அழுகல்.

வயிறு பெரிதாகி நிற்க முடியவில்லை என்று நீ பார்லருக்குப் போவதை நிறுத்தி மூன்று மாதத்துக்கு மேல் ஆகிறது. அதற்கு முன்னால் வருஷக்கணக்காக அங்கே வேலை பார்த்தாய். தினம் ஒரு கஸ்டமர் கதை சொல்லுவாய், யார் மூக்கு எப்படி, யார் புருஷன் எப்படி என்று. கிச்சிலித் தோல் அம்மா ஒரு நாளும் வந்ததில்லை. நான் கேட்டதும் வந்துவிட்டார். யார் காதில் பூ சுற்றுகிறாய்?

நீ சொல்லாமல் விட்டதை நான் சொல்கிறேன். உன் அத்தான் ஓட்டுகிற குளிர்பெட்டி லாரி இப்போதெல்லாம் உன் ஊர் வழியாகப் போகிறது. முன்பு அந்த லோடை வேறு டிரைவர்கள் எடுப்பார்கள். தூரம் அதிகம், படிக்காசு குறைவு, யாருக்கும் பிடிக்காது. இவர் போன மாதத்திலிருந்து கேட்டு வாங்கிக்கொண்டு போகிறார் என்று லோடு ஏற்றுகிறவர் சொன்னார். என்னிடம் இவர் சொல்லவில்லை.

போன வாரம் இவருடைய சட்டையைத் துவைக்க எடுத்தேன். இடது தோளில் வெள்ளையாக ஒரு கறை, காய்ந்துபோய், விரல் வைத்தால் பொடியாக வந்தது. முகர்ந்து பார்த்தேன். பால் புளித்த வாசனை. "என்னங்க இது" என்று கேட்டேன். "டீ சிந்திடுச்சு" என்றார். நான் கேட்டு முடிப்பதற்குள் பதில் வந்துவிட்டது. பொதுவாக இவரிடம் ஒன்று கேட்டால், தொண்டையைச் செருமி, மேலே பார்த்து, அப்புறம்தான் வாயைத் திறப்பார். டீயைத் தோளில் ஊற்றிக் குடிக்கிற ஆளை நான் இன்னும் பார்க்கவில்லை.

லோடுக்குப் போகிற அன்று முகத்தை மழித்துக்கொண்டு போகிறார். நகம் வெட்டுகிறார். எனக்காக எந்த நாளில் நகம் வெட்டினார்?

கிச்சிலி என்ற வார்த்தை கிடங்கில் பழத்தின் பேர். இந்த வீட்டில் அது வேறு. இங்கே அதற்கு என்ன அர்த்தம் என்று இரண்டு பேருக்குத்தான் தெரியும். ஒருத்தி நான். நான் உன்னிடம் சொல்லவில்லை. மீதி யார் என்று கணக்குப் போட எனக்குப் படிப்பு தேவையில்லை. என் வீட்டுக்குள் இருந்ததை எடுத்துக்கொண்டு போய் உன் வீட்டில் கொடுத்திருக்கிறார், நீயும் வாங்கித் தொட்டிலில் போட்டிருக்கிறாய். என்ன கொடுத்தார், எதற்குக் கொடுத்தார், எத்தனை நாளாக இந்தக் கொடுக்கல் வாங்கல் என்று எழுது.

இவரிடம் நான் இன்னும் எதுவும் கேட்கவில்லை. நீ முதலில் சொல். இரண்டு பேர் சொல்வதும் ஒத்துப்போகிறதா என்று பார்த்துக்கொள்கிறேன்.

அக்கா


மார்ச் 16

அக்கா,

அத்தான் வந்தார். போதுமா? ஒரே ஒரு தடவை. ஆஸ்பத்திரிக்கு வந்தார், ஒரு பெட்டிப் பழம் கொடுத்தார், குழந்தையைப் பார்த்தார், போனார். உன்னிடம் சொல்லாதே என்றார், அதனால் சொல்லவில்லை. கூடப் பிறந்தவளுக்குக் குழந்தை பிறந்திருக்கிறது, அவளுடைய அக்கா புருஷன் எட்டிப் பார்த்ததில் என்ன கொலைக்குற்றம்? நீதான் வரவில்லை, அவரும் வரக் கூடாதா?

பேர் யார் சொன்னது என்று பிடித்த பிடியை விட மாட்டேன் என்கிறாய். குழந்தையைப் பார்த்ததும் வாயில் வந்தது, அவ்வளவுதான். யார் வாயில் என்று கேட்காதே. எனக்கு உன்னிடம் பொய் சொல்லவும் பிடிக்கவில்லை, இன்னொருத்தருக்குக் கொடுத்த வாக்கை மீறவும் பிடிக்கவில்லை. இரண்டுக்கும் நடுவில் என்னை நிற்க வைத்துவிட்டு நீ தள்ளி நின்று வேடிக்கை பார்க்கிறாய்.

எனக்கும் கேட்க இருக்கிறது. வலி எடுத்த அன்று உனக்குத்தான் முதலில் போன் செய்தேன். "ஒண்ணும் ஆகாது, தைரியமா இரு" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாய். அம்மா இருந்திருந்தால் வந்திருப்பாள். எனக்கு அம்மா இடத்தில் நீதான் இருக்கிறாய் என்று நான் பாட்டுக்கு நினைத்துக்கொண்டிருந்தேன். குழந்தை பிறந்த பிறகு ஒரு துணிப் பார்சல் வந்தது. உள்ளே ஒரு துண்டுச் சீட்டுகூட இல்லை. எவ்வளவு எடை, எத்தனை மணிக்குப் பிறந்தது, பால் குடிக்கிறதா, யார் ஜாடை, ஒன்று கேட்டாயா? ஊரில் யாருக்குக் குழந்தை பிறந்தாலும் நீ போக மாட்டாய் என்று எனக்குத் தெரியும். காரணமும் கொஞ்சம் தெரியும். இருந்தாலும் எனக்கு வருவாய் என்று நினைத்தேன்.

இப்போது அவள் தூங்குகிறாள். வாயைத் திறந்துகொண்டு தூங்குகிறாள். நீயும் அப்படித்தான் தூங்குவாய்.

தங்கை


மார்ச் 20

தங்கைக்கு,

ஒரே ஒரு தடவை என்று எழுதியிருக்கிறாய்.

நேற்றைக்கு முந்தின நாள், இங்கே வாசலில் நின்று பல் தேய்த்துக்கொண்டிருந்தேன். வெயில் கண்ணில் அடித்துத் தும்மினேன். உள்ளேயிருந்து இவர், "அவளுக்கும் வெயில் பட்டா இப்படித்தான், ரெண்டு" என்றார். சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்று உறைத்திருக்கிறது. செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார். ஆஸ்பத்திரிக் கட்டிலில் விளக்குக்கு அடியில் கண்ணைக் கட்டிப் படுத்திருந்த குழந்தை வெயில் பட்டுத் தும்மியதை ஒரே ஒரு தடவையில் எப்படிப் பார்த்தார்?

நேற்று இன்னொரு சட்டை, இன்னொரு கறை. இந்தத் தடவை வலது தோள். அதை நான் துவைக்கவில்லை. மடித்து வைத்திருக்கிறேன்.

லாரியின் ஓட்டுநர் சீட்டுக்குப் பின்னால் ஒரு சின்னத் தலையணை இருக்கிறது. கடுகு அடைத்தது, குழந்தைக்குத் தலை உருண்டையாக வரட்டும் என்று வைப்பது. கடையில் வாங்கியது, உறை இன்னும் பிரிக்கவில்லை. எனக்குத் தெரியாமல் வாங்கி, எனக்குத் தெரியாமல் கொடுக்க வைத்திருக்கிறார்.

இவர் பக்கத்தில் படுத்துக்கொண்டு இவரையே பார்த்துக்கொண்டிருக்கிறேன். இந்த வீட்டில் எட்டு வருஷமாகச் சிரிப்பு இல்லாத மனுஷன், பல் தேய்க்கும்போது பாட்டு முனகுகிறார். எதற்கு? யாருக்காக? சாப்பாட்டில் உப்பு போடாமல் வைத்துப் பார்த்தேன். சாப்பிட்டுவிட்டு எழுந்து போய்விட்டார். மனசு இங்கே இருந்தால்தானே நாக்கும் இங்கே இருக்கும்.

யார் ஜாடை என்று நான் ஒரு வார்த்தை கேட்கவில்லை என்று குறைப்பட்டாய். இப்போது கேட்கிறேன்.

யார் ஜாடை?


மார்ச் 24

அக்கா,

உன் கடிதத்தை என் வீட்டுக்காரர் படித்துவிட்டார். மேஜைமேல் வைத்துவிட்டுக் குளிக்கப் போனேன், வந்து பார்த்தால் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். அந்தக் கடைசி வரியில் விரலை வைத்திருந்தார். அவர் கத்தவில்லை. கடிதத்தை மடித்து என்னிடம் கொடுத்துவிட்டு, "உங்கக்காவுக்கு வேற எங்கேயோ வலிக்குது. நீ உங்கத்தானுக்குக் குடுத்த வாக்கெல்லாம் போதும், சொல்லிடு" என்றார். நீ என்னைக் கேட்ட கேள்விக்கு அவர் கொடுத்த பதில் இது. மறக்காமல் வைத்துக்கொள்.

நான் அவரளவுக்கு நல்லவள் இல்லை. அந்த வரியை எழுதிய கையாலேயே நீ என்னை அறைந்திருந்தால் தேவலை என்று இரண்டு நாள் அழுதேன். இப்போது எழுதுகிறேன், கேள்.

அவள் பிறந்த மறுநாள் மத்தியானம். இவர் மருந்து வாங்கக் கீழே போயிருந்தார். வார்டு வாசலில் அத்தான் நின்றுகொண்டிருந்தார். எத்தனை நேரமாக நின்றாரோ தெரியாது. உள்ளே வந்து பழப்பெட்டியைக் கட்டிலுக்குக் கீழே தள்ளிவிட்டு, மூலையில் இருந்த குழாயில் முழங்கை வரைக்கும் கை கழுவினார். துடைத்துவிட்டு மறுபடி கழுவினார். "தூக்கலாமா?" என்று என்னிடம் கேட்டார். அப்போதுதான் விளக்கை அணைத்துப் பால் கொடுக்க எடுத்து வந்திருந்தார்கள். ஸ்டூலில் உட்கார்ந்து வாங்கிக்கொண்டார். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தவர், "கிச்சிலி" என்றார். ரொம்ப மெதுவாக. திரும்பவும் சொன்னார்.

எனக்கு ஒன்றும் புரியவில்லை. "கிச்சிலியா? என்ன அத்தான் அது?" என்று சிரித்துக்கொண்டே கேட்டேன்.

"ஒண்ணுமில்லம்மா. வாய்ல வந்துடுச்சு" என்றார். அதற்கப்புறம் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. அழுதார் அக்கா. குழந்தைமேல் சொட்டிவிடக் கூடாது என்று முகத்தைத் திருப்பிச் சட்டைத் தோளில் வைத்து அழுத்திக்கொண்டு அழுதார். எனக்கு விவரம் தெரிந்ததிலிருந்து அவரைப் பார்க்கிறேன். நம் அம்மா போனபோதுகூட எல்லாருக்கும் டீ வாங்கிக் கொடுத்துக்கொண்டு திரிந்த மனுஷன்.

பிறகு சொன்னார். அவர் சொன்ன மாதிரியே எழுதுகிறேன், ஒரு வார்த்தை கூட்டவில்லை.

"ஸ்கேன் பாத்துட்டு, ஆரஞ்சு அளவு இருக்குன்னு டாக்டர் சொன்னாங்க. அன்னைக்கு உங்கக்கா கிடங்குலேர்ந்து ஒரு கிச்சிலி கொண்டாந்து மேஜை மேல வச்சா. 'இதான் நம்ம ஆளு, நல்லா பாத்துக்கோங்க'ன்னா. அதுலேர்ந்து அதான் பேரு. விளையாட்டுக்குத்தான் வச்சோம். அப்புறம் அதையே நெஜப் பேரா வச்சுடலாம்னு அவதான் சொன்னா. பொண்ணுன்னு நாங்களே முடிவு பண்ணிட்டோம். வண்டிய நிறுத்திட்டு உள்ள வரும்போதே, 'கிச்சிலி என்ன பண்றா'ன்னுதான் கேப்பேன். 'தூங்கறா, சத்தம் போடாதீங்க'ன்னு சொல்லுவா. ஒரு வாரந்தான். அந்த அளவுக்கு மேல அவ வளரவே இல்ல. பொண்ணுதான்னு அப்புறம் ஆஸ்பத்திரில சொன்னாங்க."

குழந்தையைச் சுற்றியிருந்த துணியைச் சரி செய்தார். பிறகு, "அந்தப் பேர இனிமே இந்த வீட்ல எடுக்காதீங்கன்னா. எடுக்கல. ஆரஞ்சு பெல்ட்லேர்ந்து ஆப்பிளுக்கு மாத்தி வாங்கிக்கிட்டா. நானும் எதுவும் கேக்கல. வண்டில தனியா போறப்ப சொல்லிப் பாப்பேன். வேற எங்க சொல்றது" என்றார்.

நான் அப்போது சின்னவள். கலைந்துவிட்டது என்று அம்மா ஒற்றை வார்த்தையில் சொன்னாள், அதற்குமேல் கேட்கக் கூடாது என்று கண்ணைக் காட்டினாள். அவளுக்கு ஒரு பேர் இருந்தது என்று எனக்கு யார் சொன்னார்கள்?

ஒரே தடவை என்று எழுதியது பொய். லோடு இந்தப் பக்கம் வரும்போதெல்லாம் வருகிறார். டீ ஆறுவதற்குள் கிளம்பிவிடுவார். இவரும் கூட இருப்பார், இரண்டு பேரும் லாரி, லிஃப்ட் என்று பேசிக்கொண்டிருப்பார்கள். குழந்தை அவர் தோளில் கக்கும். துடைத்துவிடுகிறேன் என்றால், "இருக்கட்டும்" என்பார். துடைக்க விட்டிருந்தால் உனக்கு இவ்வளவு கஷ்டம் வந்திருக்காது.

அந்தப் பேரை வைக்கச் சொல்லி அவர் கேட்கவில்லை. நான்தான் சொன்னேன். "வேண்டாம்மா, உங்கக்கா தாங்க மாட்டா" என்று எத்தனையோ தடவை சொன்னார். நான் கேட்கவில்லை. அந்தப் பேரை வாய்விட்டுச் சொல்ல அவருக்கு ஓர் இடம் வேண்டும், சொன்னால் திரும்பிப் பார்க்க ஓர் ஆள் வேண்டும் என்று எனக்குத் தோன்றியது. உனக்கும் ஒரு நாள் பிடித்துப்போகும் என்று நினைத்தேன். உன்னைக் கேட்காமல் நினைத்தேன். அதுதான் என் தப்பு. மற்றது எதுவும் தப்பு என்று நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

இப்போது கேட்கிறேன். அந்தப் பேரை அவளுக்கு வைக்கட்டுமா? வேண்டாம் என்றால் வேண்டாம், வேறு பேர் எழுதிவிடுவோம். ஆனால் அத்தானிடமிருந்து அதைத் திரும்பவும் பிடுங்கிவிடாதே.

ஜாடை கேட்டாய் அல்லவா. முகம் அப்படியே இவருடையது. தூங்கும்போது மட்டும் நீ.

தங்கை


மார்ச் 27

என் தங்கைக்கு,

உன் கடிதம் வந்ததும் முதலில் அதில் எங்கே பொய் இருக்கிறது என்றுதான் தேடினேன். என் புத்தி அப்படிப் போய்விட்டது. வரி வரியாகத் தேடினேன். "தூங்கறா, சத்தம் போடாதீங்க" என்ற இடத்துக்கு வந்தபோது கடிதத்தைக் கீழே வைத்துவிட்டேன். அது நான் சொன்னதுதான். அதை நானே மறந்திருந்தேன். இவர் மறக்கவில்லை.

மாலையில் இவர் வந்தார். சமையலறைத் தொட்டியில் சாப்பாட்டுப் பாத்திரத்தைக் கழுவிக்கொண்டிருந்தார். நான் பின்னால் நின்றுகொண்டு, "கிச்சிலி என்ன பண்றா?" என்று கேட்டேன். கேட்க வேண்டும் என்று நினைத்து வைத்திருந்தது வேறு, வாயில் வந்தது அது. குழாயை மூடினார். திரும்பவில்லை. தலையைக் குனிந்துகொண்டு அப்படியே நின்றார். நான் பயந்துபோனேன். கிட்டே போய் முதுகில் கையை வைத்தேன். திரும்பி, ஈரக் கையால் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

எட்டு வருஷத்துப் பேச்சு பாக்கி இருந்தது, பேசினோம். அந்தப் பேரை எடுக்காதீர்கள் என்று சொன்னது நான்தான். சொன்னபோது அப்படித்தான் தோன்றியது, ஒரு மாதமோ இரண்டு மாதமோ. அதற்குப் பிறகு, இவராக ஒரு நாள் எடுப்பார் என்று காத்திருந்தேன். எடுக்கவில்லை. எடுக்காமலே இருந்துவிட்டார். சரி, இவருக்கு அவ்வளவுதான், லாரியில் ஏறினால் எல்லாம் மறந்துபோகிற மனுஷன் என்று முடிவு கட்டினேன். அந்த முடிவோடுதான் இத்தனை வருஷம் சோறு போட்டேன். இவர் என்னடாவென்றால், நான் தாங்க மாட்டேன் என்று வாயைக் கட்டிக்கொண்டு இருந்திருக்கிறார். நான் சொன்னதைக் கேட்டதற்காகவே இவரை மனசுக்குள் திட்டிக்கொண்டு இருந்திருக்கிறேன். இதை யாரிடம் சொன்னாலும் சிரிப்பார்கள்.

நான் கேட்ட அந்தக் கேள்வியை எழுதிய காகிதத்தைக் கிழித்துப் போடு. கிழித்தாலும் படித்தது போகாது, எனக்குத் தெரியும். மாப்பிள்ளை முகத்தில் எப்படி விழிக்கப் போகிறேன் என்று தெரியவில்லை. ஆனால் விழித்துத்தான் ஆக வேண்டும், அவரிடம் மன்னிப்பை நேரில் கேட்க வேண்டும். உன்னிடமும். கூடப் பிறந்தவளைப் பார்த்துக் கேட்கக் கூடாததைக் கேட்டேன். நீ என்னை அறையத்தான் வேண்டும்.

பேர் விஷயம். நீ கேட்டதற்கு எழுத்திலேயே பதில் சொல்கிறேன்.

கிச்சிலி என்று வைக்காதே. கோபத்தில் சொல்லவில்லை, இந்தத் தடவை இவரிடமும் கேட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன். இரண்டு பேருக்கும் ஒரே எண்ணம். அந்தப் பேர் காலியாக இல்லையடி. அதை ஒரு பெண்ணுக்கு வைத்தாகிவிட்டது. அவள் வளரவில்லை, அழவில்லை, வெயில் பட்டுத் தும்மவில்லை. ஆனாலும் பேர் அவளுடையது. உன் பெண் அவளுக்குத் தங்கை. அக்காவுக்கு வைத்த பேரைத் தங்கைக்கு யாராவது வைப்பார்களா? நமக்கு அம்மா அப்படியா செய்தாள்?

தங்கைக்கு வேறு பேர்தான் வேண்டும். பழத்தின் பேராகவே இருக்கட்டும், அக்கா தங்கை என்று கேட்டாலே தெரிய வேண்டும். "அக்காவ விட ஒரு சுத்து சின்னப் பழமா பாரு" என்று இவர் சொன்னார். இரண்டு பேரும் சமையலறைத் தரையிலேயே உட்கார்ந்து, பழம் பழமாகச் சொல்லிப் பார்த்தோம். நாவல் என்றேன், கறுப்பாக இல்லையே என்றார். அத்தி என்றார், பள்ளிக்கூடத்தில் அத்தை என்று கேலி செய்வார்கள் என்றேன். இந்த வீட்டில் சிரித்து ரொம்ப நாளாயிற்று, பக்கத்து வீட்டு அம்மா என்னவோ ஏதோ என்று எட்டிப் பார்த்துவிட்டுப் போனாள். கடைசியில் நெல்லி என்று நின்றது. கூப்பிட்டுப் பார், வாய்க்கு நன்றாக இருக்கிறது. உங்கள் இரண்டு பேருக்கும் பிடித்தால் நகராட்சியில் அதை எழுதுங்கள். பிடிக்காவிட்டால் வேறு பாருங்கள், நான் ஒன்றும் சொல்ல மாட்டேன். பேரிக்காய் மட்டும் வேண்டாம்.

அவளுடைய அக்காவைப் பற்றி அவளுக்கு விவரம் வரும்போது நான் சொல்கிறேன். அதை எனக்கு விட்டுவிடு.

அடுத்த லோடில் நானும் லாரியில் ஏறி வருகிறேன். மேஸ்திரியிடம் லீவு சொல்லிவிட்டேன். "யாரப் பாக்க?" என்று கேட்டார். என் பெண்ணின் தங்கையை என்றேன். எனக்கு ஏது பெண் என்று அவர் முழித்தார். முழிக்கட்டும்.

இப்படிக்கு,
கிச்சிலியின் அம்மா